பிரிஜிட்: ஒரு பெயரின் வழியே அயர்லாந்து

ஜனவரி 30, டப்ளின்

பிப்ரவரி முதல் தேதி அயர்லாந்தில் வசந்தம் பிறக்கிறது. காற்று இன்னும் எலும்பைத் துளைக்கிறது, மரங்களில் ஓர் இலைகூட இல்லை. ஆனால் இந்த நாட்டின் பழைய கணக்கில் குளிர்காலம் அன்றோடு சரி. ஆடுகள் ஈனத் தொடங்கும், மடியில் பால் கட்டும், பகல் நீளும். அந்த நாளுக்கு இம்போல்க் என்பது பழம்பெயர். மக்கள் இன்று சொல்வது ப்ரீட் திருநாள். 2023 முதல் அதையொட்டி அரசு விடுமுறை உண்டு. ஒரு பெண்ணின் பெயரில் அயர்லாந்து அறிவித்த முதல் பொது விடுமுறை இதுதான்.

அந்தப் பெயருக்காகத்தான் இந்தப் பயணம். ஆங்கிலத்தில் பிரிஜிட், ஐரிஷ் மொழியில் ப்ரீட். ஒரு காலத்தில் தெய்வத்தின் பெயர். பிறகு புனிதையின் பெயர். பிறகு வீட்டுக்கு ஒருத்தியின் பெயர். அதற்கும் பிறகு, அமெரிக்கச் சீமான் வீட்டு அடுக்களையில் ஏளனப் பெயர். இவ்வளவு உயரத்திலிருந்து இவ்வளவு கீழே இறக்கப்பட்ட இன்னொரு பெண் பெயர் எனக்குத் தெரியவில்லை. அது எப்படி நடந்தது என்பதை அதன் சொந்த ஊர்களில் நின்று பார்க்க வேண்டும் என்ற ஆசை நெடுநாளாக இருந்தது.

இன்று காலை முழுவதும் விடுதி அறையிலேயே 1911ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் தாள்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அயர்லாந்தின் தேசிய ஆவணக் காப்பகம் அவற்றை இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. அச்சுப் பிரதி அல்ல, குடும்பத் தலைவர் கையால் நிரப்பிய அதே தாளின் படம். மேற்கே மேயோ மாவட்டத்தின் ஒரு சிற்றூரை எடுத்து வீடு வீடாகப் போனேன். ஒரு தாளில் தாய் பிரிஜிட், மூத்த மகள் பிரிஜிட். அடுத்த வீட்டில் பாட்டி பிரிஜிட், பேத்தி பிரிஜிட். பாட்டிக்கு நேரே 'படிக்கத் தெரியாது' என்று இருக்கிறது. பேத்திக்கு நேரே 'படிக்கவும் எழுதவும் தெரியும்'. மொழிக்கான கட்டத்தில் 'ஐரிஷும் ஆங்கிலமும்'. தாளின் அடியில் குடும்பத் தலைவர் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் ஒரு பெருக்கல் குறி. பக்கத்தில் சாட்சியாகக் கணக்கெடுத்தவரின் கையெழுத்து.

ஒரே பெயர் இப்படிப் பெருகியதற்குப் பெயரிடும் வழக்கம் ஒரு காரணம். முதல் பெண் குழந்தைக்குத் தாயைப் பெற்றவளின் பெயர், இரண்டாவதற்குத் தந்தையைப் பெற்றவளின் பெயர் என்பது ஐரிஷ் கிராமங்களில் வழிவழியாக வந்த முறை. ஒரு பாட்டி பிரிஜிட் என்றால், அவருடைய மகன்கள், மகள்கள் எல்லோர் வீட்டிலும் ஒரு குட்டிப் பிரிஜிட் பிறந்துவிடுவாள். ஒரே தெருவில் இத்தனை பேரைப் பிரித்துக் கூப்பிட வேண்டுமே! அதனால்தான் செல்லப் பெயர்கள் இவ்வளவு: ப்ரீடீன், பிரைடி, பிரீடா, பிடி, பெடிலியா, டெலியா. 'பிடி' என்ற இந்தச் சின்னப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு நேர்ந்ததைப் பின்னால் சொல்கிறேன்.

மாலையில் லிஃபி ஆற்றங்கரையில் நடந்தபோது ஒரு பூக்கடையில் நாணல் கட்டுகள் விற்பனைக்கு இருந்தன. திருநாளுக்குச் சிலுவை பின்னுவதற்காக. நாளைக்கு வடக்கே போகிறேன்.

ஜனவரி 31, ஃபோகார்ட்

கனோலி நிலையத்தில் ரயில் ஏறினால் ஏறத்தாழ ஒரு மணி நேரத்தில் டண்டாக். அங்கிருந்து வாடகைக் காரில் சில கிலோமீட்டர் போனால் ஃபோகார்ட் குன்று. வட அயர்லாந்து எல்லை கூப்பிடு தூரம். கிழக்கே கூலி மலைகள், கீழே டண்டாக் விரிகுடா. இங்கேதான் 451ஆம் ஆண்டு வாக்கில் புனித பிரிஜித் பிறந்தார் என்பது மரபு.

பிறப்பைப் பற்றிய கதை எனக்கு மிகவும் பிடித்தது. தந்தை டுப்தாக் ஒரு தலைவர். தாய் ப்ரோய்க்ஷக் அவர் வீட்டு அடிமைப் பெண். கருவுற்ற அவளை மனைவியின் பொறாமைக்கு அஞ்சி விற்றுவிட்டார்கள். விற்ற இடத்தில், விடிகிற நேரத்தில், பால் குடத்தோடு வீட்டுக்குள் நுழைந்தவள் நிலைப்படியில் ஒரு கால் உள்ளே, ஒரு கால் வெளியே இருக்கும்போதே பெற்றெடுத்தாள். இரவுமல்ல, பகலுமல்ல, வீடுமல்ல, வெளியுமல்ல. வளர்ந்த பிரிஜித், கையில் கிடைத்ததையெல்லாம் ஏழைகளுக்குக் கொடுத்துவிடுவாராம். தந்தையின் மணி பதித்த வாளைக்கூடத் தொழுநோயாளி ஒருவருக்குக் கொடுத்துவிட்டார். அடிமையின் மகளுக்கு நாடே தன் பெண் குழந்தைகளின் பெயரை ஒப்படைத்தது என்பதை நினைக்க எனக்கு மனம் நிறைகிறது.

குன்றின் மேல் பழைய இடுகாடு, சிதைந்த ஒரு சிறு கோயில், பிரிஜித்தின் கிணறு. அதே இடுகாட்டில் எட்வர்ட் புரூஸ் புதைக்கப்பட்டிருக்கிறார். ஸ்காட்லாந்து மன்னர் ராபர்ட் புரூஸின் தம்பி. அயர்லாந்தின் அரசனாக முடிசூட்டிக்கொண்டு, 1318இல் இங்கே நடந்த போரில் மடிந்தவர். அவர் கல்லறையைத் தேடி ஓரிருவர் வந்தார்கள். கிணற்றைத் தேடி வந்தவர்கள் அதிகம்.

கீழே ஓடையோரம் இருக்கும் வழிபாட்டிடம்தான் என்னை நெடுநேரம் நிறுத்தி வைத்தது. மரங்களுக்கிடையே சிறிய ஓடை. அதன் கரையில் ஒவ்வோர் உறுப்புக்கும் ஒரு கல்: தலைக்கல், கண்கல், முழங்கால் கல், முதுகுக்கல். முழங்கால் கல்லில் இரண்டு குழிகள். வலி உள்ளவர்கள் அதில் மண்டியிட வேண்டும். வயதான ஒருவர் மகளின் தோளைப் பிடித்தபடி குனிந்து இரண்டு முழங்கால்களையும் அந்தக் குழிகளில் வைத்தார். குழியில் தேங்கியிருந்த மழை நீர் அவர் கால்சட்டையை நனைத்தது. எழுந்தபோது பாசி ஒட்டியிருந்தது. துடைக்க வந்த மகளை வேண்டாமென்று தடுத்துவிட்டு, அப்படியே அடுத்த கல்லுக்கு நடந்தார்.

கிறித்தவத்துக்கு முன்பே இந்தப் பெயரில் ஒரு தெய்வம் இருந்தது என்பதற்கு எழுத்துச் சான்று உண்டு. 900ஆம் ஆண்டையொட்டித் தொகுக்கப்பட்ட கோர்மக்கின் சொற்கோவை 'பிரிகித்' என்ற சொல்லுக்குப் பொருள் சொல்லும்போது, அவள் டக்டா என்ற தெய்வத்தின் மகள், கவிஞர்கள் வணங்கிய தேவி என்கிறது. அவளுக்கு இரண்டு சகோதரிகள், அவர்களுக்கும் அதே பெயர். ஒருத்தி மருத்துவத்துக்கு, இன்னொருத்தி கொல்லுலைக்கு. கவிதை, மருத்துவம், இரும்பு மூன்றையும் ஒரே பெயரின் கீழ் வைத்த மக்களின் மனத்தை எண்ணிப் பாருங்கள்.

பெயரின் பொருள் 'உயர்ந்தவள்'. பழைய கெல்ட்டிய வடிவம் பிரிகாந்தி. ரோமானியர் காலத்தில் வட இங்கிலாந்தை ஆண்ட பிரிகாந்தஸ் இனத்தாரும், அவர்கள் நாட்டுக் கல்வெட்டுகளில் வரும் பிரிகாந்தியா தேவியும் இதே சொல்லில் பிறந்தவர்கள். வேரைத் தோண்டினால் இந்தோ-ஐரோப்பிய மொழிகளின் அடியில் 'உயரம்' என்ற பொருளுள்ள ஒரு வேர். வடமொழியில் அதுவே பிருகத், பெண்பாலில் பிருகதீ. தஞ்சைப் பெரிய கோயிலில் பிரகதீசுவரர் என்றும் பிருகந்நாயகி என்றும் சொல்கிறோமே, அங்கே இருப்பதும் இந்த வேர்தான். ஐரிஷ் கடலோரத்துக் குன்றில் மழையில் நின்றுகொண்டு பெரியநாயகியை நினைத்துக்கொண்டேன்.

தேவியின் கதைதான் புனிதையின் கதையாக மாறியதா, அல்லது அந்தப் பெயருடைய ஒரு துறவுப் பெண் உண்மையிலேயே வாழ்ந்தாரா என்பதில் அறிஞர்கள் இரு தரப்பு. வாழ்ந்தார் என்றே நான் நம்புகிறேன். வாளைக் கொடுத்துவிட்டுத் தந்தையிடம் திட்டு வாங்கும் மகள் தெய்வக் கதையில் வருகிறவளாகத் தெரியவில்லை.

இரவு தங்கும் வீட்டில் ஜன்னல் வெளியே ஒரு வெள்ளைத் துணியைக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். திருநாளுக்கு முந்தைய இரவு ப்ரீட் ஊரெல்லாம் நடந்து போவார், போகும்போது அந்தத் துணியைத் தொட்டு ஆசி கொடுப்பார் என்பது நம்பிக்கை. 'ப்ரீட்டின் போர்வை' என்று அதற்குப் பெயர். தலைவலிக்கு நெற்றியில் கட்டுவார்கள், பேறுகால வேதனையில் இருக்கும் பெண்ணுக்குப் போர்த்துவார்கள், கன்று போடத் திணறும் பசுவின் முதுகில்கூட இடுவார்கள்.

பிப்ரவரி 1, கில்டேர்

விடியுமுன் கிளம்பி டப்ளின் வழியாகக் கில்டேர் வந்து சேர்ந்தேன். 'ஓக் மரக் கோயில்' என்பது ஊர்ப் பெயரின் பொருள். ஓக் மரத்தடியில் பிரிஜித் தம் மடத்தை நிறுவிய ஊர் இது. ஆண்களும் பெண்களும் சேர்ந்திருந்த இரட்டை மடம், அதற்குத் தலைமை ஒரு பெண். ஏழாம் நூற்றாண்டில் இந்த மடத்துத் துறவி கோகிடோசஸ் பிரிஜித்தின் வரலாற்றை லத்தீனில் எழுதினார். அயர்லாந்தில் நமக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய புனிதர் வரலாறுகளில் அது ஒன்று. பெரிய கோயில், ஓவியம் தீட்டிய சுவர்கள், ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனி வாசல், திருநாள் கூட்டம் என்று ஊரையே கண்முன் நிறுத்துகிறார்.

இப்போது நிற்கும் பேராலயம் 13ஆம் நூற்றாண்டில் கட்டத் தொடங்கியது. இடிந்து கிடந்ததை 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் எடுத்துக் கட்டினார்கள். பக்கத்தில் 12ஆம் நூற்றாண்டு வட்டக் கோபுரம், சுமார் 32 மீட்டர் உயரம். வாசல் தரையிலிருந்து நான்கு மீட்டர் மேலே. கோபுரம் இன்று பூட்டியிருந்தது. ஆலய வளாகத்தின் ஒரு மூலையில் தாழ்ந்த கற்சுவர் சூழ்ந்த சதுரக் குழி போன்ற ஓர் அடித்தளம் இருக்கிறது. அதைத் 'தீக்கோயில்' என்கிறார்கள்.

1180களில் அயர்லாந்துக்கு வந்த வேல்ஸ் நாட்டு ஜெரால்ட் இந்தத் தீயைப் பற்றி எழுதி வைத்திருக்கிறார். பிரிஜித் காலத்திலிருந்து அணையாமல் எரிகிறது. ஆனாலும் சாம்பல் சேர்வதில்லை. சுற்றிலும் வேலி, ஆண்கள் உள்ளே போகக் கூடாது. பத்தொன்பது கன்னியர் முறை வைத்து இரவுக்கு ஒருவராகக் காக்கிறார்கள். இருபதாம் இரவு முறைக்காரி விறகை வைத்துவிட்டு, 'ப்ரீட், இது உன் முறை. உன் தீயை நீயே பார்த்துக்கொள்' என்று சொல்லிப் போய்விடுவாள். காலையில் விறகு எரிந்திருக்கும், தீ இருக்கும். 13ஆம் நூற்றாண்டில் டப்ளின் பேராயர் ஒருவர் அணைக்க வைத்தார். மக்கள் மீண்டும் ஏற்றினார்கள். கடைசியில் 16ஆம் நூற்றாண்டின் சமய மாற்றத்தில் மடமே மூடப்பட்டபோது அது அணைந்தது. 1993இல் பிரிஜிடைன் கன்னியர் கில்டேரில் அதை மீண்டும் ஏற்றினார்கள். 2006 முதல் ஊர்ச் சந்தைச் சதுக்கத்திலும் ஒரு தூணின் உச்சியில் சுடர் எரிகிறது.

இந்த மடத்துத் தலைவிகளின் வாழ்வு எப்போதும் ஒளிமயமாக இருந்துவிடவில்லை. 1132இல் லென்ஸ்டர் அரசன் டியார்மிட் மெக் முரகாத் படையெடுத்து வந்து, மடத்தலைவியைத் தூக்கிச் சென்று கெடுக்கச் செய்து, தன் உறவுப் பெண்ணை அந்த இடத்தில் அமர்த்தினான். வழிகாட்டிப் பலகைகளில் தீயைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். அந்தப் பெண்ணைப் பற்றியும் ஒரு வரி வேண்டும்.

மதியம் சோலஸ் ப்ரீய்டே என்ற கன்னியர் இல்லத்தில் சிலுவை பின்னக் கற்றுக்கொண்டேன். நாணலை அறுக்கக் கூடாது, கையால் பிடுங்க வேண்டும். ஒரு தண்டைச் செங்குத்தாகப் பிடித்து, இன்னொன்றை நடுவில் மடித்து அதன் குறுக்கே கோத்து, கால்வட்டம் திருப்பி, அடுத்ததை மடித்துக் கோத்து, மறுபடியும் திருப்பி... ஒவ்வொரு மடிப்பும் முந்தையதை இறுக்கிப் பிடித்துக்கொள்கிறது. நடுவில் ஒரு சதுரம் மெல்ல வளர்கிறது. நாணல் உள்ளே வெள்ளைப் பஞ்சு போல இருப்பதால் மடிக்கும்போது ஒரு சின்ன நெறிப்பு விரலில் தெரியும். அழுத்தினால் பிளந்துவிடும், தளர்த்தினால் எல்லாம் உருவிக்கொண்டு போகும். எதிரே உட்கார்ந்திருந்த பாட்டி பேசிக்கொண்டே, கையைப் பாராமலேயே பின்னினார். முடிந்ததும் நான்கு நுனிகளையும் நூலால் கட்டி, ஓரங்களை வெட்டினால் சிலுவை ஆயிற்று. சாகும் தறுவாயில் இருந்த ஒரு தலைவனின் கட்டிலருகே, தரையில் பரப்பியிருந்த நாணலை எடுத்துப் பிரிஜித் இப்படிப் பின்னிக் காட்டினார் என்பது கதை. வாசல் நிலைக்கு மேலோ கூரையின் அடியிலோ செருகி வைத்தால் தீயும் பசியும் வீட்டை அண்டாது. 1961இன் கடைசி நாளில் தொடங்கிய ஐரிஷ் தேசியத் தொலைக்காட்சி பல ஆண்டுகள் இந்தச் சிலுவையைத்தான் தன் சின்னமாக வைத்திருந்தது.

அந்தப் பாட்டியிடம் பெயரைப் பற்றிக் கேட்டேன். தன் பெயர் மேரி, தன் அம்மா பிரிஜிட், தன் வகுப்பில் படித்தவர்களில் பாதிப் பேர் ப்ரீட் அல்லது பிரைடி என்றார். பேத்திகளில் யாருக்காவது அந்தப் பெயர் உண்டா என்றேன். தலையை அசைத்துவிட்டு அடுத்த நாணலை எடுத்தார்.

பிப்ரவரி 2, கில்டேர்

இன்று நடைதான். ஊரிலிருந்து தெற்கே, குதிரைப் பண்ணையையும் ஜப்பானியத் தோட்டத்தையும் ஒட்டிய டல்லி கிணற்றுக்குப் போனேன். தெளிந்த ஊற்று, நீர் ஓடிவரும் வளைவுக்கு அடியில் 'ப்ரீட்டின் காலணி' என்று சொல்லப்படும் இரண்டு கல் வாய்கள், அப்பால் வரிசையாக வேண்டுதல் கற்கள். அருகிலுள்ள மரத்தில் நூற்றுக்கணக்கான துணிக் கிழிசல்கள். குழந்தையின் காலுறை, மருத்துவமனைக் கைப்பட்டை எல்லாம் கட்டியிருந்தன. கிழக்கே கர்ரா புல்வெளி தெரிகிறது. தன் போர்வை மூடுகிற அளவு நிலம் போதும் என்று அரசனிடம் பிரிஜித் கேட்டாராம். அவன் சிரித்துக்கொண்டே சரி என்றான். போர்வை விரிந்து விரிந்து அந்த வெளி முழுவதையும் மூடிவிட்டது.

இடைக்கால அயர்லாந்தில் இந்தப் பெயர் எப்படி வழங்கியது என்பதைச் சொல்ல வேண்டும். இவ்வளவு போற்றிய பெயரைப் பெண் குழந்தைகளுக்கு அள்ளி அள்ளிச் சூட்டியிருப்பார்கள் என்று தோன்றும். நடந்தது வேறு. பெயரை நேரடியாக வைப்பதைக் காட்டிலும், அவருக்கு அடியவன் என்று வைப்பதே ஓங்கியிருந்தது, அதுவும் ஆண்களுக்கு! மயில் ப்ரீக்டே, கில்லா ப்ரீக்டே என்ற இரண்டும் ஆண் பெயர்கள். 'மயில்' என்பதன் நேர்ப்பொருள் மொட்டை. புனிதருக்காகத் தலை மழித்துக்கொண்ட அடியவன் என்பது கருத்து. 'கில்லா' என்றால் பணியாள். மால்கம் என்ற ஸ்காட்லாந்துப் பெயரும் இந்த அச்சில் வார்த்ததுதான்: கொலும் கில்லே என்ற புனிதரின் மொட்டையடித்த அடியவன்.

மயில் ப்ரீக்டே என்ற பெயருடையவர்களில் ஒருவர் ஒன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் வட ஸ்காட்லாந்தில் வாழ்ந்த தலைவர். ஆர்க்னி தீவின் வைக்கிங் தலைவன் சிகுர்டும் அவரும் ஆளுக்கு நாற்பது பேரோடு சண்டைக்கு வருவதாக ஒப்பந்தம். சிகுர்ட் நாற்பது குதிரைகளில் எண்பது பேரை ஏற்றி வந்தான். வஞ்சனையால் வென்று, மயில் ப்ரீக்டேயின் தலையை வெட்டிச் சேணத்தில் கட்டிக்கொண்டு புறப்பட்டான். வழியில் அந்தத் தலையின் துருத்திய பல் சிகுர்டின் காலைக் கீறியது. புண் சீழ்பிடித்து அவனும் செத்தான். ஐஸ்லாந்துக்காரர்கள் எழுதி வைத்த கதை இது. ப்ரீட்டின் அடியவன் தோற்றும் பழி தீர்த்துவிட்டான்.

கில்லா ப்ரீக்டேயின் மக்கள் இன்றைய மெக்பிரைட், கில்பிரைட் குடும்பங்கள். ஊர்ப் பெயர்களில் கில்பிரைட் அயர்லாந்தெங்கும் சிதறிக் கிடக்கிறது; அங்கே 'கில்' என்பது கோயில். ஸ்காட்லாந்தின் ஈஸ்ட் கில்பிரைடும் ப்ரீட்டின் கோயிலூர்தான். ஐரிஷ் துறவிகள் ஐரோப்பா முழுவதும் போனபோது பெயரும் போனது. ஸ்வீடனின் புனித பிர்கிட்டா, ஜெர்மனியின் பிரிகிட்டே, பிரான்சின் பிரிஜித் எல்லோரும் இந்த ஓக் மரத்தடியிலிருந்து கிளைத்தவர்கள்.

பெண்களுக்கு இந்தப் பெயரை நேரடியாகச் சூட்டும் வழக்கம் 17ஆம் நூற்றாண்டுக்குப் பிறகுதான் அயர்லாந்தில் பெரிதாகப் பரவியது. காலத்தைக் கவனியுங்கள். இங்கிலாந்திலிருந்து குரோம்வெல்லின் படைகள் வந்துபோன நூற்றாண்டு அது. கத்தோலிக்கரின் நிலம் பறிபோனது, அடுத்து வந்த சட்டங்கள் அவர்களை எல்லாப் பதவியிலிருந்தும் ஒதுக்கி வைத்தன. மடங்கள் இல்லை, தீ இல்லை. புனிதையைக் கோயிலில் வைத்துக் காக்க முடியாதவர்கள் தொட்டிலில் வைத்துக் காத்தார்கள் என்றே எனக்குத் தோன்றுகிறது.

பிப்ரவரி 3, கால்வே

போர்ட்டார்லிங்டனில் வண்டி மாறிக் கால்வே வந்தேன். ஷானன் ஆற்றைக் கடந்ததும் வயல்களில் கல் வேலிகள் தொடங்குகின்றன. இந்தப் பக்கத்துக் கிராமங்களிலிருந்துதான் பிரிஜிட்டுகள் கூட்டம் கூட்டமாகக் கப்பலேறினார்கள்.

1845இல் உருளைக்கிழங்குப் பயிர் அழுகியது. அடுத்த சில ஆண்டுகளில் பத்து லட்சம் பேர் மாண்டார்கள், அதற்கும் குறையாத எண்ணிக்கையில் நாட்டை விட்டுப் போனார்கள். மற்ற நாடுகளிலிருந்து அமெரிக்காவுக்குக் குடும்பங்களும் ஆண்களும் போனார்கள். அயர்லாந்திலிருந்து மணமாகாத இளம் பெண்கள் தனியாகவே போனார்கள். பாஸ்டனிலும் நியூயார்க்கிலும் அவர்களுக்குக் கிடைத்த வேலை வீட்டு வேலை. உறைவிடமும் சாப்பாடும் சேர்ந்து கிடைத்ததால் கூலியை அப்படியே ஊருக்கு அனுப்பினார்கள். குத்தகை கட்டியதும், தங்கைக்குக் கப்பல் டிக்கெட் வாங்கியதும் அந்தப் பணத்தில்தான்.

அந்த வீடுகளின் எஜமானிகளுக்கு வேலைக்காரியின் உண்மைப் பெயர் தேவைப்படவில்லை. ஐரிஷ் பெண் என்றால் பிரிஜிட். செல்லமாக, அல்லது இளக்காரமாக, பிடி. நியூயார்க் கேலிச் சித்திரங்களில் பிடி என்றால் குரங்கு முகம், தடித்த கை, உடைந்த தட்டு. வேலை விளம்பரங்களில் ஐரிஷ்காரர் வேண்டாம் என்று போட்டார்கள். இதற்குப் பயந்தே எத்தனையோ பிரிஜிட்டுகள் இறங்கிய துறைமுகத்திலேயே டெலியா ஆனார்கள், பெர்த்தா ஆனார்கள்.

1892இல் மாசசூசெட்ஸின் ஃபால் ரிவர் நகரத்தில் போர்டன் தம்பதி கோடரியால் கொல்லப்பட்டார்கள். மகள் லிசி போர்டன் மீது வழக்கு நடந்து, அவர் விடுதலை ஆனார். அந்த வீட்டின் வேலைக்காரி பிரிஜிட் சலிவன், அயர்லாந்துக்காரி, வழக்கின் முக்கியச் சாட்சி. போர்டன் சகோதரிகள் அவரை 'மேகி' என்று கூப்பிட்டு வந்தார்கள். காரணம், அவருக்கு முன் அங்கே வேலை பார்த்தவள் பெயர் மேகி! வேலைக்காரி மாறலாம், கூப்பிடும் பெயரை எதற்கு மாற்றுவது என்ற நினைப்பு. இதைப் படித்தபோது வந்த கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

இன்னொரு பிரிஜிட்டையும் சொல்லிவிடுகிறேன். வெக்ஸ்ஃபோர்டிலிருந்து போன பிரிஜிட் மர்ஃபி பாஸ்டனில் வீட்டு வேலை பார்த்தார். பேட்ரிக் கென்னடியை மணந்தார். 1858இல் கணவர் காலரா நோயில் போய்விட, கைக்குழந்தையோடும் பெண் பிள்ளைகளோடும் நின்றவர், ஒரு சிறு கடை வைத்துப் பிழைத்தார். அந்தக் கைக்குழந்தையின் பேரன் ஜான் கென்னடி 1961இல் அமெரிக்காவின் அதிபர் ஆனார். 1963இல் அவர் அயர்லாந்து வந்தபோது ஊரே திரண்டது. மெழுகுச் சிலைகளும் நினைவுப் பூங்காக்களும் கென்னடிக்கு நிறைய. கொள்ளுப்பாட்டி பிரிஜிட்டுக்கும் ஒன்று இருந்தால் மகிழ்வேன்.

ஏளனம் கடல் தாண்டித் திரும்பியும் வந்தது. 20ஆம் நூற்றாண்டு நடந்து வர வர, அயர்லாந்திலேயே பிரிஜிட் என்றால் பழைய தலைமுறை, கிராமத்துக்காரி என்ற எண்ணம் படிந்தது. சுதந்திரம் பெற்ற நாடு நீவ், ஷிவான், அய்ஃபா, கீரா என்று தன் பழம்பெயர்களைத் தேடித் தேடி எடுத்தது. அவற்றைவிடப் பழைய பெயர் பிரிஜிட். ஆனால் அதை எடுத்துச் சூட்டத் தயங்கினார்கள். மறந்த பெயரை மீட்பது எளிது. கேலிக்கு உள்ளான பெயரை எடுப்பதற்குத் துணிவு வேண்டும். பள்ளியில் 'பிடி' என்று யாராவது கூப்பிட்டுவிடுவார்களோ என்ற பயம் தாய்மாருக்கு.

பிப்ரவரி 4, லிஸ்கேனர்

கால்வேயிலிருந்து கடலோரமாக வரும் பஸ் மோஹர் செங்குத்துப் பாறைகளைத் தாண்டி லிஸ்கேனரை நோக்கி இறங்குகிறது. பாறைகளைப் பார்க்க வந்தவர்கள் அங்கேயே இறங்கிக்கொண்டார்கள். நான் இறங்கிய இடத்தில் சாலையோரத்தில் ப்ரீட்டின் சிலை. பின்னால் தாழ்ந்த கல் நடை. குனிந்து உள்ளே போனால், கோடியில் கிணறு. பாறையிலிருந்து நீர் சொட்டிக்கொண்டே இருக்கிறது.

நடையின் இரண்டு சுவர்களிலும் கை வைக்க இடமில்லை. செபமாலைகள், சட்டமிட்ட படங்கள், ஊன்றுகோல், குழந்தைகளின் படங்கள், இறந்தவர்களின் நினைவு அட்டைகள். ஈரத்தில் அட்டைகளின் ஓரம் சுருண்டு, மை கரைந்திருக்கிறது. பழையவற்றின் மேலேயே புதியவற்றைச் செருகியிருக்கிறார்கள். பெயர்களைப் படித்துக்கொண்டே போனேன்: பிரிஜிட், பிரைடி, டெலியா, பிரீடா, மறுபடியும் பிரிஜிட். மேலே இருக்கும் இடுகாட்டுக் கற்களிலும் இப்படித்தான். புதிய கற்களுக்கு வர வர அந்தப் பெயர் குறைகிறது.

மதியம் லாஹிஞ்ச் வரை கடற்கரையில் நடந்தேன். அலை ஒதுங்கிய மணலில் கறுப்பு வெள்ளைப் பறவைகள், நீண்ட செம்மஞ்சள் அலகு. சிப்பி தின்னும் பறவை. ஸ்காட்லாந்துக் கேலிக் மொழியில் அதன் பெயர் 'ப்ரீட்டின் பணியாள்'. கில்லா ப்ரீக்டே என்ற அந்தப் பழைய ஆண் பெயரேதான்.

தங்கியிருக்கும் வீட்டின் அம்மாவுக்கு எழுபது வயது இருக்கும். ஞானஸ்நானப் பெயர் பிரிஜிட், ஊருக்கு பிரைடி. அவருடைய அத்தை பாஸ்டனுக்குப் போய் டெலியா ஆனவர். அத்தையின் கடிதங்களை ஒரு பிஸ்கட் டப்பாவில் வைத்திருக்கிறார். அவரே இளவயதில் லண்டனில் வேலை பார்த்தபோது அலுவலகத்தில் 'பிடி' என்று கூப்பிட்டவர்களுக்குப் பதில் சொல்லாமலே இருந்துவிடுவாராம். முழுப் பெயரைச் சொன்னால்தான் திரும்பிப் பார்ப்பார்.

இங்கே மேற்கில் இந்தப் பெயரை 'ப்ரீஜ்' என்று சொல்ல வேண்டும், தெற்கே கெர்ரியில்தான் 'ப்ரீட்' என்று எனக்குத் திருத்திச் சொல்லிக் கொடுத்தார். அடுப்பங்கரை மேசையில் கேக்கை வெட்டிக்கொண்டே, மகன் வீட்டில் போன ஆண்டு பெண் குழந்தை பிறந்ததைச் சொன்னார். புது விடுமுறை வந்த பிறகு இந்தப் பெயரின் மேல் இளையவர்களுக்கு ஒரு மதிப்பு வந்திருக்கிறதாம். குழந்தைக்குப் ப்ரீட் என்று வைத்திருக்கிறார்கள், ஆனால் இரண்டாம் பெயராக. முதல் பெயராக வையுங்கள் என்று கேட்டுப் பார்த்தாராம். மருமகள் யோசித்துச் சொல்கிறேன் என்று சொல்லி, கடைசியில் வேறு பெயரைப் பதிந்துவிட்டாள். அதில் தனக்கு வருத்தம்தான் என்றார்.

எனக்கும் வருத்தமாகத்தான் இருந்தது, அதை அவரிடம் சொன்னேன். இன்னொரு பேத்தி பிறந்தால் விடாமல் கேளுங்கள் என்றேன். மருமகளுக்கு ஏப்ரலில் அடுத்தது, என்ன குழந்தை என்று தெரியாது, ஆனால் ஏற்கெனவே கேட்டாயிற்று என்றார்.